அப்பாவிக்கு மட்டும் மிரட்டல்!

இடுப்பு விண்ணென்று தெறித்தது.

காலையிலிருந்து குடோனில் சிமெண்ட் மூட்டை. லாரியிலிருந்து முதுகுக்கு, முதுகிலிருந்து அடுக்குக்கு. அந்த முதுகை மேக்கப் அறையின் பெஞ்சில் கிடத்திவிட்டுக் கூரையைப் பார்த்துக் கிடந்தான் ஆபீசர்.

நிஜ ஆபீசர் இல்லை. மேடை ஆபீசர்!

'ஆபீசரும் அப்பாவியும்'... ஊரில் இப்போது இந்த இரட்டைக் காமெடிக்குத்தான் கூட்டம். இவன் தொப்பி மாட்டிக்கொண்டு வீட்டுக்காரனாக, சூப்பர்வைசராக, சோதனை அதிகாரியாக வந்து விரட்டுவான். இவன் தங்கையின் புருஷன் அப்பாவியாக நின்று பதில் சொல்வான்.

"பேரு என்னப்பா?"

"வீட்டைப் பார்த்துட்டு சொல்றேன் சார். பேரை முதல்ல சொன்னா யாரும் வீட்டைக் காட்ட மாட்டேங்கறாங்க!"

கூரை அதிரும்.

கைதட்டு அப்பாவிக்கு. திட்டு ஆபீசருக்கு!

இவனும் முஸ்லிம்தான். அதே வீட்டுக்காரர்கள் இவனையும்தான் வாசலோடு திருப்பி அனுப்பினார்கள். ஆனால் வெள்ளிக்கிழமை தொழுகை முடிந்து வெளியே வந்தால் அப்பாவியைக் கட்டிப்பிடிக்கிறார்கள். இவனை முறைக்கிறார்கள்.

"நம்ம புள்ளையை மேடைல அந்தப் பாடு படுத்தறானே, பாவி!"

போன மாதத்திலிருந்து இன்னொரு கொடுமை. அப்பாவிக்குக் கொலை மிரட்டல்! போனில்! பேப்பரில் படம், டிவியில் பேட்டி, கூடவே போலீஸ் காவல்...

ஆபீசருக்கு? ஒரு ராங் நம்பர்கூட வரவில்லை.

'என்னைக் கொல்றதுக்குக்கூடவா ஒருத்தன் இல்ல?'

இடுப்பு வலியைவிட வயிற்றெரிச்சல்தான் அதிகமாக இருந்தது.

அப்போதுதான்...

"ஆ...ஆ...ஆ!"

அலறல்! மேடைக்குப் பின்னால், இரும்புப் படிக்கட்டுப் பக்கம்!

ஆபீசர் இடுப்பைப் பிடித்துக்கொண்டு வளைந்தபடியே ஓடினான்.

படியடியில் அப்பாவி மல்லாந்து கிடந்தான். ஒரு கால் போகக்கூடாத பக்கம் போயிருந்தது. கையில் போன்.

"மாப்ள! என்னடா ஆச்சு?"

"தள்ளி விட்டுட்டாங்க மச்சான்!"

"யாரு?"

"பார்க்கல... பின்னால இருந்து... யா அல்லாஹ், கால்!"

*

இன்ஸ்பெக்டர் வந்தாள். தோளில் நட்சத்திரம், கையில் டீ டம்ளர், முகத்தில் தூக்கமில்லாத ஒரு மாதம். மிரட்டல் வழக்கை ஆரம்பத்திலிருந்தே பார்ப்பவள். அப்பாவியின் போனில் எல்லா அழைப்பும் பதிவாகும்படி செய்து கொடுத்தவளும் அவள்தான்.

மேக்கப் அறை சோபாவில் அப்பாவியைப் படுக்க வைத்திருந்தார்கள். கணுக்கால் பூசணிக்காயாக வீங்கியிருந்தது. வெளியே ஹால் நிரம்பிக்கொண்டிருந்தது. செருப்புச் சத்தம், நாற்காலிச் சத்தம்.

"விழறதுக்கு முன்னாடி போன் கால் வந்துச்சா?"

"வந்துச்சு மேடம். பேசி முடிச்சு கட் பண்ணின உடனே..."

அவள் பதிவைத் தட்டினாள். நம்பரை மறைத்து, ஆப் போட்டு மாற்றிய குரல். தகர டப்பாவைத் தரையில் இழுப்பதுபோல்...

'டேய் அப்பாவி! இன்னைக்கு நீ மேடை ஏறினா, இறங்கும்போது நாலு பேர் தூக்கித்தான்டா இறக்கணும்!'

மௌனம்.

மௌனம்...

'அந்த நாலு பேரையும் உன் ஆளுங்கள்லயே பார்த்து இப்பவே சொல்லி வச்சுக்கோ. நீ செத்தாலும் உன்னைத் தொட நாங்க வர மாட்டோம்!'

மறுபடி மௌனம். டொக்.

வாசலில் நின்ற கான்ஸ்டபிள் 'க்ளுக்'கென்றார். உடனே இருமலாக மாற்றப் பார்த்தார்.

"இருமாதீங்க. எனக்கும்தான் சிரிப்பு வந்துச்சு" என்றாள் இன்ஸ்பெக்டர். "அங்கதான் இடிக்குது. மிரட்டறவன் மூச்சு விடாம கத்துவான். கெட்ட வார்த்தை தீர்ந்ததும் வச்சுடுவான். முதல்ல வந்த ரெண்டு காலும் அப்படித்தான். வெறும் சாக்கடை. மூணாவதுல இருந்து ஆளே வேற. நடுவுல நிறுத்தறான். ஏன்?"

திரும்பி ஆபீசரைப் பார்த்தாள்.

"மேடைல நீங்க எதுக்கு நிறுத்துவீங்க?"

"சிரிக்கறதுக்கு இடம் விட..." என்றவன் பாதியில் நாக்கைக் கடித்தான்.

"ம். பேசற தோரணைகூட உன் ஆபீசர் தோரணைதான்."

"மேடம்! என் தங்கச்சி புருஷன் மேடம்!"

"அவர் மேல பொறாமையா?"

"சேச்சே!"

கான்ஸ்டபிள் தொண்டையைச் செருமினார். "மேடம், போன வாரம் கேன்டீன்ல என்கிட்டயே கேட்டான். 'எனக்கும் ரெண்டு மிரட்டல் போட ஆள் கிடைக்குமா சார்'னு!"

"தமாஷுக்குக் கேட்டேன் சார்!"

"உங்க ஆளுங்களுக்குள்ளயே அடிச்சுக்கறீங்க. அப்புறம் ஊர் மேல பழி" என்றார் கான்ஸ்டபிள்.

"அண்ணனும் தம்பியும் வெட்டிக்கிட்ட கேஸ் உங்க ஸ்டேஷன்ல இல்லையா சார்? அதுக்கெல்லாம் 'உங்க ஆளுங்க'ன்னா சொல்றீங்க?"

கான்ஸ்டபிள் வாயை மூடிக்கொண்டார்.

இன்ஸ்பெக்டர் மூடவில்லை. "உங்க ஜோக்கெல்லாம் எழுதறது யாரு?"

"நான்தான்!"

கேள்வி முடிவதற்குள் பதில் வந்துவிட்டது.

"அப்ப இந்த மிரட்டலை எழுதினதும் நீதான். கையை நீட்டு."

விலங்கு பளபளத்தது.

ஸ்டேஷன் படி ஒரு தடவை ஏறினால் போதும். குடோன் வேலை போச்சு! அத்தனை பேரில் இவன் சாப்பாட்டு டப்பாவை மட்டும் திறந்து பார்க்கும் சூப்பர்வைசர், இப்படி ஒரு சாக்குக்காகத்தான் காத்திருக்கிறான். சோறு போகும். மேடையும் போகும்.

தப்பிக்க ஒரே ஒரு வாக்கியம் போதும்.

'நான் எழுதல மேடம்.'

அது நிஜமும்கூட! அந்த மிரட்டலை எழுதியது யார் என்று முதல் வரியிலேயே இவனுக்குத் தெரிந்துவிட்டது.

ஆனால் வாயைத் திறக்கவில்லை. கையை நீட்டினான்.

சம்பந்தப்பட்ட ஆளைக் காப்பாற்றுகிறான் என்று நினைத்தால், நீங்கள் ரொம்ப நல்லவர். இவன் அவ்வளவு நல்லவன் இல்லை. 'நான் எழுதல' என்று சொல்வதற்குப் பதில் ஜெயிலே தேவலை என்று தோன்றியது, அவ்வளவுதான்!

க்ளிக்.

*

"ஏங்க! உயிரோட இருக்கீங்களா!"

கதவு படாரென்று திறந்தது. தங்கை! அப்பாவியின் மனைவி. அடுத்த தெரு ஆஸ்பத்திரி லாண்டரியில் வேலை. ஈரம் சொட்டும் சட்டைக்கை, மேலெல்லாம் பிளீச்சிங் நெடி, முழங்கையில் இஸ்திரி மிஷின் சுட்ட தழும்பு.

"இருக்கேன்மா. கால்தான் போச்சு" என்றான் அப்பாவி.

அவள் பார்வை அண்ணனின் மணிக்கட்டுக்குப் போனது. "அண்ணே... இது என்னது?"

"மிரட்டினது உங்க அண்ணன்தான்" என்றாள் இன்ஸ்பெக்டர். "தள்ளி விட்டதும் அவராத்தான் இருக்கணும்."

"அண்ணனா! இருக்கவே இருக்காது மேடம். அவனுக்கு அவ்வளவெல்லாம்..."

சட்டென்று நிறுத்திக்கொண்டாள்.

"இன்னைக்கு என்ன சொல்லி மிரட்டினார் தெரியுமா? சொல்றேன் கேளுங்க. நீ செத்தா நாங்க தொட மாட்டோம்... அதனால உன் ஆளுங்களைக் கூப்பிட்டுக்கோ... எத்தனை பேர்... ஆங், நாலு பேர்... மேடையில இருந்து இறக்கறதுக்கு..."

தங்கையின் முகம் கோணியது. கை விரல்கள் முறுக்கிக்கொண்டன. பல்லைக் கடித்தாள். முடியவில்லை...

"ஐயோ, அப்படி இல்ல மேடம்! நாலு பேர் தூக்கித்தான் இறக்கணும்னு முதல்ல வரணும். அங்க நிறுத்தணும். கேக்கறவனுக்குப் பக்குன்னு ஆகணும். அதுக்கப்புறம்தானே தொட மாட்டோம்னு வரணும்? கடைசியைத் தூக்கி முதல்ல வச்சா எவன் சிரிப்பான்?"

இன்ஸ்பெக்டர் டீ டம்ளரைக் கீழே வைத்தாள்.



"அந்த போன் காலை நாங்க நாலு பேர்தான் கேட்டோம்" என்றாள் இன்ஸ்பெக்டர் மெதுவாக. "நீங்க இப்பதான் உள்ள வந்தீங்க."

தங்கை வாயைப் பொத்தினாள். லேட்!

"வேணும்னே மாத்திச் சொன்னீங்களா மேடம்?" கான்ஸ்டபிள் வியந்தார்.

"இல்லய்யா. எனக்கு ஜோக் சொல்ல வராது. வீட்ல கேட்டுப் பாரு!"

அப்பாவி சோபாவில் எழுந்து உட்கார்ந்தான். "நீயா? என்னைக் கொல்றேன்னு சொன்னது... நீயா?"

"ஆமா, நான்தான்!" இனி மறைத்து என்ன? "டிவில என்ன சொன்னீங்க? 'என் பொண்டாட்டிக்கு ஜோக் சொன்னா விளங்கவே விளங்காது'... ஊரே சிரிச்சுது. அந்த ஜோக்கே என்னோடதுதானே! அடுப்படில நின்னு நான் சொன்னதை எடுத்து என் மேலயே அடிச்சீங்க!"

"அடுப்படிலயா?" இன்ஸ்பெக்டர் ஆபீசரைப் பார்த்தாள். ஆபீசர் தரையைப் பார்த்தான்.

"எல்லாம் அங்க சுட்டதுதான் மேடம்! வீடு பார்க்கற ஜோக்கு யாரோடது? பையைச் சோதனை போடற ஜோக்கு யாரோடது? லாண்டரில என் பையை மட்டும் தினம் மேஜைல கொட்டிப் பார்க்கறாங்க. வழியெல்லாம் அழுதுட்டு வருவேன். வீட்டுக்கு வந்ததும் அதையே சிரிப்பாக்கி இவங்க ரெண்டு பேருக்கும் சோத்தோட சேர்த்துப் போடுவேன். அவருக்குக் கைதட்டு. அண்ணனுக்கு 'எழுத்தாளர்'னு பேரு. எனக்கு? கழுவ வேண்டிய பாத்திரம்!"

"அதுக்காக மிரட்டுவியா?" என்றான் அப்பாவி.

"அந்த ரெண்டு நிஜ மிரட்டலையும் ஸ்பீக்கர்ல போட்டுக் கேட்டீங்கல்ல? படு மட்டம்! அதுக்கே பேப்பர்ல படம். இதைவிட நான் நல்லா பண்ணுவேனேன்னு தோணிச்சு. ஆப் போட்டா பொம்பளைன்னு தெரியாது. பொம்பளைன்னு தெரியலைன்னா கேப்பாங்க!"

"கேட்டாங்க. புருஷனைப் படியில தள்ளி விட்டது?"

"தள்ளினேனா! ஸ்டீம் ரூம்ல இருந்து போன் பண்ணினேன் மேடம். வேலைய விட்டு எங்க வர்றது? என் சூப்பர்வைசரைக் கேளுங்க. விழுந்துட்டாருன்னு ஹால்ல இருந்து சொன்னப்புறம்தான் ஓடி வந்தேன்!"

"அப்ப யாரு தள்ளினது?"

எல்லோரும் திரும்பினார்கள். சோபாவை நோக்கி.

அப்பாவி கணுக்காலைத் தடவினான். சுவரைப் பார்த்தான்.

"யாரும்... தள்ளல."

"என்னது?"

"போனைக் கேட்டுக்கிட்டே படி இறங்கினேன். அடக்கிப் பார்த்தேன் மேடம். வாயைப் பொத்திக்கிட்டேன். கட் ஆனதும் தாங்கல... விழுந்து விழுந்து சிரிச்சேன். சிரிச்சதுல படி தெரியல."

"யோவ்!"

"மிரட்டினவன் ஜோக்குக்குச் சிரிச்சு காலை ஒடைச்சுக்கிட்டேன்னு வெளிய சொன்னா என் பொழப்பு என்ன ஆகும்? அதான் தள்ளினாங்கன்னு..."

ஆபீசருக்குத் திக்கென்றது. மேடையில் இத்தனை காலம் பக்கத்தில் நிற்கிறான். இவன் சொன்ன எதற்கும் அப்பாவி நிஜமாகச் சிரித்ததே கிடையாது!

தங்கை புருஷன் பக்கத்தில் போய்க் குனிந்தாள். கண்ணில் தண்ணீர். கோபமா, வெட்கமா, வேறு எதுவுமா?

"சிரிச்சீங்களா?"

"ம்."

"எந்த இடத்துல?"

*

இன்ஸ்பெக்டர் விலங்கைக் கழற்றினாள். குரலில் டீயின் சூடுகூட இல்லை.

"முதல்ல ரெண்டு கால் பண்ணினானே, அவன் நிஜம். இன்னும் வெளியதான் திரியறான். உங்க கூத்து பேப்பர்ல வந்துதுன்னா என்ன ஆகும் தெரியுமா? நாளைக்கு உங்க தெருவுல எவனுக்கு மிரட்டல் வந்தாலும் 'அவனே பண்ணிக்கிட்டான்'னு சொல்லுவாங்க. நீங்க மாட்டினா அவன்தான் சிரிப்பான்."

 இந்த ஒரு வரிக்கு மட்டும் சிரிப்புக்கு இடம் விட வேண்டிய அவசியம் இருக்கவில்லை.

"காலைல ஸ்டேஷனுக்கு வாம்மா. போனை இப்பவே குடுத்துடு. உனக்கு என்ன செய்யறதுன்னு நான் யோசிக்கணும்."

தங்கை தலையாட்டிவிட்டுப் போனைக் கொடுத்தாள்.

வெளியே கூட்டம் விசிலடிக்க ஆரம்பித்திருந்தது. ஹால் மேனேஜர் கதவிடுக்கில் தலையை நீட்டினார். "அப்பாவி எழுந்திருப்பாரா? இல்ல, டிக்கெட்டைத் திருப்பித் தரட்டுமா?"

அப்பாவியால் காலை ஊன்ற முடியவில்லை.

ஆபீசர் தங்கையைப் பார்த்தான். தங்கை ஆபீசரைப் பார்த்தாள்.

"எனக்கு எல்லா வரியும் தெரியும்ணே" என்றாள். "தெரியாம இருக்குமா?"

லாண்டரிச் சட்டையோடே மேடை ஏறினாள். ஆபீசர் தொப்பியை மாட்டிக்கொண்டு உறுமினான்.

"ஏம்மா! பையில என்ன?"

"பாருங்க சார். தினம் நீங்களே கொட்டிடறீங்க... அதனால பையைச் சுத்தம் பண்றதையே நான் விட்டுட்டேன்!"

ஹால் வெடித்தது!

எழுதாத வரி. அந்த நிமிடம் பிறந்த வரி. பின்வரிசைப் பெண்கள் எழுந்து நின்று கைதட்டினார்கள். ஆபீசருக்குத் தன் அடுத்த வசனம் மறந்துபோனது. வயிறு எரிந்தது... புதிதாக, முன்னைவிட ஆழமாக.

மேடையோரத்தில் நாற்காலியில் காலை நீட்டிக்கிடந்த அப்பாவி கான்ஸ்டபிளின் சட்டையைப் பிடித்து இழுத்தான்.

"சார்... எனக்கு இவ்வளவு தட்டினதே இல்லையே?"

"இல்லதான்" என்றார் கான்ஸ்டபிள், கைதட்டிக்கொண்டே.

அன்றிலிருந்து போஸ்டரில் மூன்று முகம். ஜோக் யாருடையது என்று இப்போது ஊருக்கே தெரியும். ஆனால் ஆபீசர் தன் தங்கையிடம் ஒரு மன்னிப்பு கேட்க வேண்டும். இன்னும் கேட்கவில்லை. அந்தக் கடன் அப்படியே நிற்கிறது.

ஏன் என்று கேட்டால் தொப்பியைக் கழற்றித் தலையைச் சொறிகிறான்.

"கேக்கத்தான் சார் போறேன்... என்ன சொல்லிக் கேக்கறதுன்னு அவ இன்னும் எழுதித் தரல!"