ஸல்ஹாவின் வீட்டை அளந்த நாள்

காலை பத்து மணிக்கே றுமானா பூட்டுத் திறப்போடு வந்துவிட்டாள். கிண்ணியாவில் கடலேரியைப் பார்த்தபடி நிற்கும் அந்த வீடு, அவள் ராத்தா என்று அழைக்கும் அக்கா ஸல்ஹாவுக்கு வாப்பா கட்டிக்கொடுத்த சீதன வீடு. அந்த ஊரில் பெண், புருஷன் வீட்டுக்குப் போவதில்லை. புருஷன்தான் பெண்ணின் வீட்டுக்கு வருவான். ரிஷாத்தும் அப்படித்தான் ஒரு பெட்டியோடு வந்தான். பத்து வருடம் இருந்தான். அடித்தான். கடைசியில் ஸல்ஹா நீதிமன்றத்துக்குப் போய், இடைக்காலப் பாதுகாப்புக் கட்டளை எடுத்து அவனை வெளியே அனுப்பினாள். முழு விசாரணைக்கு மூன்று நாள் இருக்கும்போது குளியலறையில் வழுக்கி விழுந்து மௌத்தானாள்.

வழுக்கி விழுந்து என்றுதான் மரண விசாரணைக் கடதாசியில் இருந்தது.

முறைப்பாடு செய்தவளே இல்லையென்று அந்த வழக்கை மூடிவிட்டார்கள். இப்போது ரிஷாத், இறந்தவளின் வாரிசு என்று சொல்லி, வீட்டைப் பிரித்துத் தரும்படி வேறு வழக்குப் போட்டிருந்தான். இருக்கிறதே மூன்று அறை. அதைப் பிரிப்பதென்றால் விற்பதுதான். ஸல்ஹாவின் மகள் அப்ரா வளர்ந்து வரும்போது அவளுக்கென்று ஒரு கூரை இருக்காது.

கதவைத் திறந்ததும் ஐந்து மாதத்து இருட்டு முகத்தில் மோதியது. வெளியே வெயில் கொளுத்தியது. உள்ளே சுவர்கள் குளிர்ந்து கிடந்தன. தூசி மணம். அதற்கும் அடியில், மெல்ல, இன்னொரு மணம்.

கற்பூரம்.

நீதிமன்றம் அனுப்பிய நில அளவையாளர் குலசிங்கம் அளவு நாடாவோடு வந்தார். பின்னாலேயே ரிஷாத்தின் மோட்டார் சைக்கிள்.

“என்ன மச்சினிச்சி, வீட்டக் கூட்டித் துடைச்சு வச்சிரிக்கலாமே? வாங்குற ஆள் வந்து பாக்கிறல்லோ,” என்று சிரித்தான். பதிவுப் புத்தகத்தில் ஒப்பமிட வலக்கையை நீட்டினான். அந்தக் கையில் நடுவிரல் இல்லை. முன்பொருநாள் படகு இயந்திரம் கொண்டுபோனது.

மண்டபத்தை அளந்தார்கள். குசினியை அளந்தார்கள். பின்பக்கத்துக் குளியலறைக்கு நாலடி இருக்கும்போது அந்தச் சத்தம் கேட்டது.

யாரோ கோப்பையால் தண்ணீர் மொண்டு ஊற்றும் சத்தம்.

“பைப்பப் பூட்டாம விட்டிட்டியா?” என்றான் ரிஷாத்.

“தண்ணி வெட்டி மூணு மாசம்,” என்றாள் றுமானா.

குலசிங்கம் கதவைத் தள்ளினார். ஒருவரும் இல்லை. வாளி கவிழ்ந்து கிடந்தது, அதன் மேல் சிலந்தி வலை. தரை மட்டும் நனைந்திருந்தது. கூரைத் தகரத்தை அண்ணாந்து பார்த்தார். “ஒழுக்காயிருக்கும்,” என்றார். ஊரில் மழை பெய்து எத்தனையோ நாள்.

கதவைச் சாத்தியதும் மறுபடி தொடங்கியது.

வலப்பக்கம் மூன்று. இடப்பக்கம் மூன்று.

றுமானாவுக்கு அந்தக் கணக்குத் தெரியும். ராத்தாவின் உடலைக் கடைசியாகக் குளிப்பாட்டும்போது அவள் கையே ஊற்றிய கணக்கு அது. ஜனாஸாவை வெட்டிச் சோதிக்கக் கூடாது, அடக்கம் பிந்தக் கூடாது என்று, சாவில் சந்தேகமில்லையென வாப்பாவும் அவளும் முதலிலேயே ஒப்பமிட்டுக் கொடுத்துவிட்டார்கள். அதற்குப் பிறகுதான் குளிப்பாட்டினார்கள். இலந்தை இலையும் கற்பூரமும் கலந்த தண்ணீர் கழுத்தில் வழிந்தபோது அவள் கண்டாள். ஒரு பக்கம் பெருவிரல் பதிந்த கறுப்பு. மறுபக்கம் மூன்று விரல். நடுவிரல் பதிய வேண்டிய இடம் மட்டும் வெள்ளையாய் இருந்தது.

ஊரின் ஜனாஸாக்களைக் குளிப்பாட்டும் அசனா உம்மாவும் கண்டாள். சட்டென்று துணியை இழுத்து மூடினாள். “கண்டத்த வெளிய விடாத புள்ள,” என்று காதுக்குள் சொன்னாள். “மையித்தில கண்ட குறையச் சொல்லப்படாது. மறைச்சிரு.”

ஐந்து மாதம் மறைத்திருந்தாள்.

குலசிங்கம் மண்டபத்துக் கதிரையில் அமர்ந்து புத்தகத்தைத் திறந்தார். “இந்த இடத்திலையே கேட்டு எழுத வேணும், அதுதான் முறை. வீட்டுக்கு ஆர் ஆர் உரிமை கேக்கிறியள்?”

“நான். புருஷன்,” என்றான் ரிஷாத்.

“நீங்கள், தங்கச்சி?”

றுமானா குளியலறைப் பக்கம் பார்த்தாள். அங்கே தண்ணீர் ஊற்றும் சத்தம் வேகமாகியது. கணக்கு இல்லை, முறை இல்லை. கழுவக் கழுவப் போகாத ஒன்றைக் கழுவுவது போல.

கற்பூர மணம் மூச்சை அடைத்தது.

குறை மையித்துடையதா?

அவள் நிமிர்ந்தாள்.

“எழுதுங்க ஐயா. வீடு ராத்தாட மகள் அப்ராக்கு. இவருக்குப் பங்கில்ல. கொலை செஞ்சவனுக்கு எங்கட மார்க்கத்தில வாரிசுரிமை இல்ல.”

“வாய அடக்கு!” ரிஷாத் எழுந்தான். “என்ன கதை கதைக்கிறா? சந்தேகம் இல்லண்டு கையெழுத்து வச்சவள் நீதானே!”

“ஓம், நான்தான். அது என்ட பிழை. கோர்ட்டில நிண்டு அதையும் சொல்லுவன். பொறகுதான் ராத்தாவக் குளிப்பாட்டின. கழுத்தில கை பதிஞ்சிருந்திச்சு. நடுவிரல் இல்லாத கை. அசனா உம்மாவும் கண்டவ. கபுறத் தோண்டட்டும். வெட்டிப் பாக்கட்டும். நான் மறிக்க மாட்டன்.”

“மையித்துட குறையப் பேசிறியே, அல்லாவுக்குப் பயமில்லையா?”

“அது அவட குறையில்ல. உன்ட குறை. உன்ட குறைய நான் ஏன் மறைக்க?”

தண்ணீர்ச் சத்தம் நின்றது.

வீடு முழுவதும் காதைத் தீட்டிக்கொண்டு நிற்பது போல ஓர் அமைதி. குலசிங்கத்தின் பேனை மட்டும் நகர்ந்தது. அவள் சொன்னதை ஒரு சொல் விடாமல் எழுதினார். றுமானா ஒப்பமிட்டாள்.

மூவரும் முற்றத்துக்கு இறங்கினார்கள். ரிஷாத்தின் முகம் சாம்பலாகியிருந்தது. ஆனாலும் வாய் அடங்கவில்லை.

“இண்டைக்கே பாயக் கொண்டு வந்து இஞ்ச படுப்பன். ஆர் மறிக்கிறெண்டு பாப்பம்!” என்று திரும்பி வாசற்படியில் கால் வைத்தான்.

கதவு அவன் முகத்துக்கு நேரே மெதுவாகச் சாத்திக்கொண்டது.

காற்றில்லை. முற்றத்துத் தென்னையில் ஒரு கீற்றும் அசையவில்லை.

உள்ளே தாழ்ப்பாள் நகர்ந்தது. இரும்பில் இரும்பு உரசி, நிதானமாக, முழுக்க.

அவன் தோளால் இடித்தான். இரண்டாம் முறை இடிக்கக் கை ஓங்கியவன், கதவின் மறுபுறம் எதையோ கேட்டவன் போலப் பின்வாங்கினான். கழுத்தைப் பொத்திக்கொண்டு தெருவுக்கு ஓடினான். மோட்டார் சைக்கிளைக்கூட எடுக்கவில்லை.

“உள்ளுக்கு ஆர், தங்கச்சி?” குலசிங்கத்தின் குரல் இறங்கிவிட்டது.

“வீட்டுக்காரி,” என்றாள் றுமானா.

அவர் புத்தகத்தை விரித்து, ‘தற்போது குடியிருப்போர்: எவருமில்லை’ என்று எழுதியிருந்த வரியைக் கோடிட்டு வெட்டினார்.