கதவுமூளைக்கு ஒரு பழைய பதிப்பு

கதவுக்குச் சாவி என்று ஒன்று இருந்ததையே தூத்துக்குடி மறந்து போயிருந்தது. ஆளைப் பார்த்ததும், கதவில் பதித்த கதவுமூளை திறந்துவிடும். அதைச் செய்த கம்பெனி திங்கட்கிழமை இழுத்து மூடப்பட்டது. போகிற போக்கில் அனுப்பிய கடைசிப் புதுப்பிப்போ, ஒவ்வொரு முறையும் கம்பெனியிடம் அனுமதி கேட்டுத் திறக்கச் சொன்னது. பதில் சொல்ல அங்கே யார் இருக்கிறார்கள்? ஊரே வீட்டுக்குள் மாட்டிக்கொண்டது.

பதினேழாவது மாடியில் பிரிசில்லாவும் அவள் அண்ணன் சேவியரும் இருந்தார்கள். புயல் தாங்கும் எஃகுக் கதவிடம் சுத்தியல் தோற்றது. தீயணைப்புக்காரர்கள் வர நாளாகும் என்றார்கள். சேவியருக்கு நேற்றே டயாலிசிஸ் செய்திருக்க வேண்டும். கால் வீங்கி, மூச்சு இரைக்கத் தொடங்கியிருந்தது.

கதவுமூளையும் அடிப்படையில் ஒரு பழைய ஆண்ட்ராய்டு போன்தான். அதன் மென்பொருள் முழுவதையும் ஒரே கோப்பில் அடைத்து வைத்தால் அது பிம்பக்கோப்பு. அனுமதி கேட்காத காலத்துப் பிம்பம் ஒன்றை ஏற்றினால் போதும். இணையத்தில் அவை கொட்டிக் கிடந்தன, பாதி போலி. தப்பானதை ஏற்றினால் கதவு வெறும் இரும்பாகிவிடும்.

"ஏட்டி, எதையாவது ஒண்ணப் போட்டுப் பாரு" என்றான் சேவியர்.

"எதையாவது போடுறதுக்கு இது என்ன கொழம்பாண்ணே?"

மாடல் எண்ணை ஒப்பிட்டாள். கோப்பில் ஓர் எழுத்து மாறினாலும் காட்டிக்கொடுக்கும் கைரேகை எண்ணைச் சரிபார்த்தாள். கம்பெனி முத்திரை அசல்தான். இப்போது கதவில் இருக்கும் மென்பொருளுக்கும் ஒரு நகல் எடுத்துக்கொண்டாள். அவளை யாரும் குறை சொல்ல முடியாது. அந்தப் பதிப்பை எதற்காக வெளியிட்டார்கள் என்பதை மட்டும் படிக்கவில்லை. கள்ளக் கோப்பைத் தேடுகிற கண்ணுக்கு அசல்மேல் சந்தேகம் வருமா என்ன?

பிம்பம் ஏறியது. பச்சை விளக்கைப் பார்த்ததும் அழுதேவிட்டாள். அண்ணனைத் தாங்கிப் பிடித்துக் கதவருகே கூட்டி வந்தாள்.

"வணக்கம்" என்றது கதவு. "இது கொள்ளைநோய்க் காலச் சிறப்புப் பதிப்பு. நோயில்லாத வீடுகள் மட்டுமே திறக்கப்படும்."

அப்படி ஒரு நோயும் இங்கே இல்லை என்று பிரிசில்லா கத்தினாள். சேவியர் கதவில் சாய்ந்து இரைத்துக்கொண்டிருந்தான். கதவு பொறுமையாகக் கேட்டுவிட்டுச் சொன்னது.

"இந்த வீட்டில் மூச்சுத்திணறல் கேட்கிறது. அது நிற்கும்வரை கதவு திறக்காது, மென்பொருளையும் மாற்ற முடியாது. எல்லாம் உங்கள் நலனுக்காகவே."

பிரிசில்லா அண்ணனின் முகத்தை இரண்டு கைகளிலும் ஏந்திக்கொண்டாள்.

"அண்ணே, கொஞ்ச நேரம் மூச்ச அடக்கிக்கிறியா?"

சேவியர் தலையாட்டிவிட்டு வாயை மூடிக்கொண்டான்.