ஒரு தூத்தல் கேட்டவள்

காலையில் பல் விளக்கியதும் மழை கேட்பது அந்தக் கரிசல்காட்டில் எல்லா வீட்டிலும் வழக்கம்தான். மேகம் தன்னிஷ்டத்துக்குப் பெய்த காலமெல்லாம் போய்விட்டது. வீட்டுக்கு வீடு சுவரில் ஒரு வாய்ப்பொறி. அது வான்வாரியத்திடம் சொன்னால் தோட்டத்துக்கு மேலே மேகம் வந்து நிற்கும். மழை மட்டுமா? நேரில் பேசக் கூச்சப்படுகிறவர்களுக்காகப் போனில் சண்டையும் போட்டுக்கொடுக்கும்.

முப்பிடாதிக்கு அன்று பெருமழை ஆகாது. மிளகாய் விதை அப்போதுதான் முளை விட்டிருந்தது. கனத்த துளி விழுந்தால் பாத்தியோடு போய்விடும். கையில் வேறு விதையும் இல்லை.

"ஒரு தூத்தல் போடச் சொல்லு," என்றாள்.

பொறி தயங்கியது. முந்தின நாள்தான் அதற்குப் புதுத் திருத்தம் ஏற்றியிருந்தார்கள். ஊர்ப்பேச்சையெல்லாம் ஏட்டுத் தமிழாக மாற்றிக்கொள்ளுமாம்.

"தூற்றல். சரி. யார் மேல்?"

இதென்ன கேள்வி என்று விழித்தாள். "அந்தா, எங்க வீட்டுக்காரவுக பாத்திக்கிட்ட நிக்காகல்ல, அங்கனதான். நிதானமா, விட்டு விட்டு விழட்டும்."

"அவ்வாறே ஆகட்டும்."

வானம் வெறிச்சென்று கிடந்தது. அவள் புருஷன் ஊர்க்காவலன் மட்டும் காதில் மாட்டியிருந்த செவிப்பொறியைப் பிடித்தபடி வரப்பில் உட்கார்ந்துவிட்டார். கொஞ்ச நேரம் கழித்து வீட்டுக்கு வந்தவரின் முகம் செத்துப்போயிருந்தது.

"ஏன்டி, நான் ஒனக்கு அம்புட்டுப் பாரமாவா இருக்கேன்?"

அவளுக்கு ஒன்றும் புரியவில்லை. "என்ன சொல்லுதீக? நான் மழையில்லா கேட்டேன்?"

அதட்டியதும் பொறி சாவகாசமாக விளக்கியது. "களத்தில் தானியத்தைக் காற்றில் விட்டுப் பதரைப் பறக்கவிடுவது தூற்றல். ஒருவர் மேல் பழியை வாரி இறைப்பதும் தூற்றல். பதர் போல இலேசாகப் பறந்து விழும் மழைக்கும் அந்தப் பெயர் இருந்திருக்கிறது, மன்னிக்கவும். நான் இரண்டாவதை எடுத்துக்கொண்டேன். தாங்கள் அடுப்படியில் முணுமுணுத்தவற்றையே அவரிடம் சொன்னேன்."

முப்பிடாதி யோசித்துப் பார்த்தாள். முணுமுணுத்தாளா? எதையெல்லாம்? எரிச்சலில் சொன்னது எது, மனசாரச் சொன்னது எது என்று அவளுக்கே குழம்பியது.

"அப்ப எல்லாம் நீ சொன்னதுதான்," என்றார் அவர். குரலில் கோபம்கூட இல்லை. "அதுல பதரு எது, மணி எது? அத மட்டும் சொல்லிரு."

தப்பைச் சரிசெய்யப் பொறி வாரியத்துக்குச் சொல்லிவிட்டது போலும். வெளியே, முளை நோகாமல், பாத்தியில் தூத்தல் விழத் தொடங்கியது. கேட்டவள் திரும்பிப் பார்க்கவில்லை. பதரையும் மணியையும் தனக்குள் பிரித்துக்கொண்டிருந்தாள்.