ஒட்டுற பக்கந்தான் படம்

மயிலாப்பூர் வீடொன்றின் பரணில் கிடந்த தகர டப்பாவோடு ஃபராஸ் கோடம்பாக்கத்து லேபுக்குள் நுழைந்தபோது பகல் மணி பன்னிரண்டு. வெள்ளிக்கிழமை அவனுக்கு நிக்காஹ். அதற்குள் டப்பாவிலிருந்த ஊமைப்படத்தை ஸ்கேன் செய்து கொடுத்துவிட்டால் லீவு.

மூடியைத் திறந்ததும், மழையில் நனைந்து ஒரு வாரம் ஷூவுக்குள்ளேயே கிடந்த சாக்ஸின் வாடை. பிலிம் வியர்த்திருந்தது. விரலில் பழுப்பாகப் பிசுபிசுத்தது.

உருவம் பதிந்திருப்பது எந்தப் பக்கம் என்று கண்ணுக்குத் தெரியவில்லை. கூட வேலை பார்க்கும் கிச்சாவுக்கு இதெல்லாம் ஒரு கேள்வியே இல்லை.

"உதட்டுல வெச்சுப் பாரு மச்சி. ஒட்டுற பக்கந்தான் படம்."

எடிட்டர்கள் காலங்காலமாகச் செய்கிற வேலைதான். ஃபராஸ் உதட்டை நனைத்து, பிலிமை வைத்தான்.

ஒட்டியது.

இழுத்தபோது தோலோடுதான் வந்தது. வாய் முழுக்க அடுத்தவர் சளியின் ருசி.

ஷெர்வானி அளவு பார்க்க அவனைக் கூட்டிப்போக வந்திருந்த வஜீஹா வாசலில் நின்று சிரித்தாள். "கட்டிக்கப் போறவ நான் இங்க நிக்கறேன். யாருப்பா அந்த மகராசி?"

ஸ்கேனரில் ஏற்றியதும் மகராசி திரையில் ஓடினாள். குடைக்கடியில் காதலனோடு கண்ணாமூச்சி விளையாடும் படம். ஒவ்வொரு காட்சி முடிவிலும் முந்தானைக்குள் இருமினாள். டப்பாவிலிருந்த தாளைக் கிச்சா படித்துச் சொன்னான்: நடித்தவளுக்கு நிஜமாகவே காசநோய். கதாநாயகனாக நடித்தவன் வேறு பெண்ணோடு பேசினால் அவன் தம்ளரில் துப்பி வைப்பாளாம். இருவரும் ஒரே மாதத்தில் போய்ச் சேர்ந்தார்கள்.

வஜீஹா மறுபடி சிரித்தாள்.

திரையில் குடை தாழ்ந்தது. படத்திலிருந்தவள் வாசல் பக்கம் திரும்பினாள்.

"ஃபராஸ், அது ஏன் என்னையே பாக்குது?"

வியாழக்கிழமை அவன் குடித்து முடித்த தம்ளரின் அடியில் ஏதோ வழுவழுவென்று தங்கியிருந்தது. ராத்திரிக்குள் குரல் கட்டியது.

வெள்ளிக்கிழமை தி. நகர் மண்டபத்தில் ஆண்கள் கீழே, பெண்கள் மாடியில். காஜியார் 'கபூல்' என்று சம்மதம் சொல்லச் சொல்லி மைக்கை அவன் கையில் கொடுத்தார். ஃபராஸ் வாயைத் திறந்தான். உதடுகள் அசைந்தன.

சத்தம் வரவில்லை.

"சத்தமா சொல்லுங்க தம்பி."

மறுபடி அசைந்தன.

ஸ்பீக்கரில் ஓர் இருமல், கோழை புரளும் இருமல். பிறகு ஒரு பெண்குரல், பேசிப் பழக்கமே இல்லாததுபோல ஒவ்வோர் எழுத்தாக, "கபூல்" என்றது.

கூட்டம் சிரித்தது. மணப்பெண்ணின் முறை இன்னும் வரவில்லை என்று காஜியார் மாடியைப் பார்த்துச் சொன்னார்.

படிக்கட்டிலிருந்து வஜீஹாவின் அத்தை எட்டிப் பார்த்தாள். "எங்க பொண்ணு வாயே தொறக்கலையே."

மண்டபத்தில் இருந்தது ஒரே மைக். அது ஃபராஸின் கையில் இருந்தது.