மாமியாரின் சுருள்

ஆவணக் காப்பகத்திலிருந்து கொண்டுவந்த தகர டப்பாவை அவர் திறந்ததும் அறை முழுக்கப் புளித்த நெடி. பழைய பிலிம் அப்படித்தான் நாறும். ஜன்னல்களில் கறுப்புத் துணி. மத்தியானமே அங்கே இருட்டு. தன்னைப் படைப்பாளி என்றுதான் சொல்லிக்கொள்வார். நாமும் அப்படியே வைத்துக்கொள்வோம்.

"இது எங்கம்மா சுருள் இல்ல?" என்றாள் மனைவி. "பத்திரமா இருக்கட்டும்னுதானே அங்க குடுத்தேன்."

"பத்திரமாத்தான் இருந்துது. எவன் பார்த்தான்?"

செத்துப்போன அம்மா நடந்து, உட்கார்ந்து, சிரிப்பது உலகத்திலேயே அந்த ஒரு சுருளில்தான். அது படைப்பாளிக்கும் தெரியும். பழைய படங்களில் இருப்பவர்களின் முகத்தைப் பிளேடால் சுரண்டி, கண்காட்சியில் ஓட்டிக் கைதட்டு வாங்குவதுதான் அவருடைய கலை.

"நகல் எடுத்து அதுல சுரண்டுங்களேன்."

"நகல் வெறும் சவம். அசல்ல சுரண்டினாத்தான் வெளிச்சம் பீறிட்டு வரும். உனக்கு எங்க இதெல்லாம் புரியப்போகுது."

"எனக்கு அம்மா மூஞ்சி வேணும்ங்க."

"அந்த மூஞ்சிய உயிரோட இருந்தப்ப எனக்குக் காட்டினாங்களா? நான் உள்ள வந்தாலே முகவாயத் தோள்ல இடிச்சுக்கிட்டுப் போவாங்க. பெரிய மகாராணி."

சுருளை, அடியில் விளக்கெரியும் ஒளிப்பெட்டி மேல் விரித்தார். கட்டம் கட்டமாகச் சுரண்டினார். உதிர்ந்த கறுப்புத் தூளை 'ஃபூ' என்று ஊதித் தள்ளினார். மனைவி மூலையில் உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருந்தாள். அழக்கூட இல்லை.

பிறகு புரொஜெக்டரில் மாட்டி ஓட்டினார். திரையில் வாசல், கொடியில் துணி, நாற்காலி.

நாற்காலி காலி.

அவர் சுரண்டியது முகத்தை மட்டும்தான்.

"எங்கம்மா எங்க?"

"தொலைஞ்சுது சனியன்," என்றார். குரல் கொஞ்சம் பிசிறியது.

வேறொரு சுருளை மாட்டினார். முன்பின் தெரியாத கூட்டமொன்று கப்பலேறும் படம். எல்லோரும் கப்பலைப் பார்த்தார்கள்.

ஒருத்தி மட்டும் இவரைப் பார்த்தாள்.

மாமியார். முகத்தில் ஒரு கீறல் இல்லை. செருப்பில் ஒட்டியதைப் பார்ப்பது போன்ற அதே பார்வை.

"ம்க்கும்."

அது ஊமைப் படம்.

அவசரமாக அடுத்ததை மாட்டினார். பள்ளிக்கூட மைதானம், உடற்பயிற்சி. வரிசைக்கு முன்னால் அவள். இன்னும் கிட்டத்தில்.

எதுவுமே பதியாத வெற்று பிலிமை மாட்டினார். திரை வெள்ளையாக எரிந்தது. அந்த வெள்ளைக்குள்ளிருந்து, அவசரமே இல்லாமல், நடந்து வந்தாள்.

"நிறுத்தாதீங்க," என்றாள் மனைவி.

அவர் மின்கம்பியைப் பிடுங்கினார். சுருள் நின்றது. இயந்திரத்தின் விளக்கு அணைந்தது.

திரையில் வெளிச்சம் போகவில்லை.

மனைவி எழுந்தாள். திரைக்குப் பக்கத்தில் போய்க் காதை வைத்துக் கேட்டாள். ரொம்ப நாளைக்கு அப்புறம் முகம் மலர்ந்து சிரித்தாள்.

"அவரா?" என்றாள். "இங்கதாம்மா இருக்கார்."