வினைமுதல் இல்லாத வாக்கு

2024ஆம் ஆண்டு ஏப்ரல் இருபதாம் நாள், சனிக்கிழமை. முறையீடு இதுதான்: முந்தைய நாள் நடந்த மக்களவைத் தேர்தலில், மதுரை விளாங்குடியில் வாழும் ஹெப்சிபா என்னும் பார்வையற்ற இசையாசிரியையின் வாக்கை எவரோ திருடிவிட்டார்.

ஹெப்சிபாவே ஆரப்பாளையத்தில் உள்ள இன்பசேகரனின் அலுவலகத்துக்கு நேரில் வந்து இதைக் கூறினார். இன்பசேகரன் தனியார் துப்பறிவாளர், பேச்சில் சிக்கனக்காரர். உதவியாளர் காளை அந்தச் சிக்கனத்தையெல்லாம் தாமே ஈடுசெய்துவிடுவார்.

வாக்குப்பதிவு இயந்திரத்தில் பிரெய்ல் எண்கள் உண்டு. ஆகையால் ஹெப்சிபா எந்தத் தேர்தலிலும் துணையாளை அழைத்துச் சென்றதில்லை. தாமே தடவிப் பார்த்துத் தாமே பொத்தானை அழுத்துவார். இம்முறை ஆதார் அட்டையுடன் சாவடிக்குச் சென்றபோது, அவருடைய வாக்கு காலையிலேயே அளிக்கப்பட்டுவிட்டதாக அலுவலர் கூறினார். அவர் வாதாடிய பிறகு, ஆய்வுக்குரிய வாக்கு என ஒரு சீட்டைத் தந்து, அதை உறையிலிட்டு ஒட்டினார்கள். நீதிமன்றம் ஆணையிட்டாலன்றி அவ்வுறை திறக்கப்படாது. வீடு திரும்பி அலமாரியைத் தடவியபோது, வாக்காளர் அட்டை அதன் உறையில் தலைகீழாகச் செருகப்பட்டிருந்தது.

"அளிக்கப்பட்டுவிட்டதுன்னு சொன்னாங்க சார். அந்த வாக்கியத்துல எழுவாயே இல்லையே," என்றார் ஹெப்சிபா.

"எழுவாய் இருக்கிறது, அம்மா. வாக்குத்தான் எழுவாய். இல்லாதது வினைமுதல். செய்தவன் பெயர்."

"அதைக் கண்டுபிடிச்சுக் குடுங்க. ஓட்டு திரும்பி வராதுன்னு தெரியும். பேரைப் போட்டுப் புகார் எழுதணும். அது போதும்."

அட்டையை எடுத்துப் பின் திருப்பி வைத்தவர் வீட்டுக்குள் நடமாடுபவராகவே இருக்க வேண்டும். அத்தகையோர் மூவர்: ஹெப்சிபா எடுத்து வளர்த்த அண்ணன் மகன் ஜெய்சன், மாடியில் குடியிருக்கும் அருண்பாண்டி, சமையல் செய்யும் பாண்டிமீனா. ஜெய்சன் ஒரு கட்சியின் வட்டப் பொறுப்பாளன். அருண்பாண்டி எதிர்க்கட்சியின் வாக்குச்சாவடி முகவர்; வாக்குப்பதிவு தொடங்கிய சிறிது நேரத்திலேயே தேநீர் குடிக்க வெளியேறியவர்.

அன்று மாலையே இன்பசேகரனும் காளையும் விளாங்குடி வீட்டுக்குச் சென்றார்கள். மூவரின் இடக்கைச் சுட்டுவிரலிலும் மை இருந்ததைக் காளை உன்னிப்பாகப் பார்த்துப் பெருமூச்சு விட்டார். "மூணு பேரும் போட்டிருக்காக அண்ணே. இந்த மையை வச்சு ஒண்ணும் புடுங்க முடியாது."

அருண்பாண்டி, தாம் சாவடியில் இருந்திருந்தால் கள்ள வாக்கு விழுந்திருக்காது என்று தலையில் அடித்துக்கொண்டார். பாண்டிமீனா, எந்தப் பாவியோ செய்துவிட்டான் என்று அழுதாள். ஜெய்சன், தான் காலை முழுவதும் சமயநல்லூரில் கட்சி வேலையாக இருந்ததாகக் கூறினான். காபித் தம்ளரை அவனே கொண்டுவந்து இன்பசேகரனிடம் இடக்கையால் நீட்டினான். வலக்கைச் சுட்டுவிரலில் கட்டு.

"கதவிடுக்குல நசுங்கிருச்சு சார், மன்னிச்சுக்கங்க," என்றான். பிறகு பொருமினான்: "அத்தை எம்புட்டு அழகாக் கையெழுத்துப் போடுவாக! எவளோ ஒருத்தி வந்து அவுக பேருல கைநாட்டு வச்சுட்டுப் போயிட்டா பாருங்க."

இன்பசேகரன் காபியைக் குடித்து முடித்தார். வெளியே வந்ததும் காளையைச் சமயநல்லூருக்கு அனுப்பினார்: பார்வை மங்கிய மூதாட்டி எவரேனும் விரல் மையைக் காட்டிப் பெருமை பேசுகிறாரா என்று விசாரிக்க வேண்டும்.

ஞாயிற்றுக்கிழமை, ஹெப்சிபா ஆலயம் சென்று திரும்பிய பின், அனைவரும் கூடத்தில் கூடினார்கள். காளை முத்துத்தாய் என்னும் மூதாட்டியைக் கைப்பிடித்து அழைத்துவந்து அமர்த்தினார். அவருக்கு இரு கண்களிலும் பார்வை இல்லை.

இன்பசேகரன் விளக்கினார்: "நேற்று இங்கே வருமுன்பே சாவடி ஊழியர் ஒருவரிடம் தொலைபேசியில் விசாரித்தேன். ஹெப்சிபா அம்மையாரின் பெயரில் கறுப்புக் கண்ணாடி அணிந்த பார்வையற்ற பெண் ஒருவர் துணையாளுடன் வந்து, கைநாட்டு வைத்திருக்கிறார். துணையாள் பொய்ப் பெயர் கொடுத்திருக்கிறான். தாள்கள் முத்திரையிடப்பட்டுவிட்டன. கைநாட்டு என்பதை நான் எவரிடமும் சொல்லவில்லை, அம்மையாருக்கும் தெரியாது. நேற்று அச்சொல்லைச் சொன்னவர் ஒருவர்தான். அவரோ அன்று காலை சாவடிப் பக்கமே வரவில்லை என்கிறார்."

ஜெய்சன் சிரித்தான். "எல்லாரும் பேசுற பேச்சு சார் அது."

"இருக்கலாம். ஆனால் வாக்களிப்பவருக்குத்தான் இடக்கையில் மை. துணையாளாக வருபவர் இன்னொருவருக்கும் துணையாளாகிவிடக் கூடாது என்பதற்காக, அவருக்கு வலக்கைச் சுட்டுவிரலில் மை வைப்பார்கள். காளை பார்த்தது இடக்கை. கட்டை அவிழுங்கள், தம்பி."

ஜெய்சன் அவிழ்க்கவில்லை. காளை அவிழ்த்தார். காயம் இல்லை, நகத்திலிருந்து கீழே ஒரு கறுப்புக் கோடு இறங்கியது.

முத்துத்தாய் குரலைக் கேட்டு அவன் பக்கம் முகத்தைத் திருப்பினார். "நம்ம தம்பியா? இந்தத் தம்பிதான் என்னையக் கூட்டிட்டுப் போனுச்சு. லிஸ்டுல என் பேரு இல்ல இல்லன்னு போன ரெண்டு எலெக்சன்லயும் திருப்பி விட்டாக. இந்தத் தடவ போட்டுட்டேன். உள்ள ஏதோ எப்சின்னு பேரு கூப்புட்டாக. அது எனக்குப் பள்ளிக்கூடத்துல வச்ச பேருன்னுச்சு தம்பி." சற்று நிறுத்திக் கேட்டார்: "நான் சொன்ன சின்னத்துலதானப்பா அமுக்குன?"

"அதுலதான் ஆத்தா அமுக்குனேன்," என்ற ஜெய்சன், பார்க்க முடிந்தவர்களை நோக்கிக் கண்ணடித்தான். முத்துத்தாய் மகிழ்ந்தார். ஹெப்சிபாவோ அந்தக் குரலை அவன் குழந்தையாக இருந்த காலம் முதல் அறிந்தவர். அவருடைய முகம் இறுகியது.

"எதுக்குடா?"

"என் வீட்டு ஓட்டு ஒண்ணுகூடப் பிசகாதுன்னு மாவட்டச் செயலாளர்கிட்டச் சொல்லிட்டேன். நீங்க தெருவெல்லாம் எதிர்க்கட்சிக்குத்தான் போடுவேன்னு சொல்லிக்கிட்டுத் திரிஞ்சீக. நான் என்ன செய்ய?"

ஹெப்சிபா எழுந்தார். பேனாவும் தாளும் எடுத்து, தாம் சொல்லச் சொல்ல எழுதுமாறு பாண்டிமீனாவைப் பணித்தார்.

ஜெய்சன் நாற்காலியில் சாய்ந்துகொண்டான். "எழுதுங்க அத்தை. உங்க பேருல ஓட்டுப் போட்டது நானா? கைநாட்டு யாருது? இந்தக் கெழவியுது. போலீசு மொதல்ல யாரைத் தூக்கும்? நான் கட்சிக்காரன், நாளைக்கே ஜாமீன்ல வந்துருவேன். இவளுக்கு யாரு இருக்கா?"

அருண்பாண்டி தம் கட்சியிடம் சொல்லிப் பார்ப்பதாக முனகினார். அதை அவரே நம்பவில்லை. முத்துத்தாய்க்கு முழுவதும் விளங்காவிட்டாலும் போலீசு என்னும் சொல் விளங்கியது. அவர் இடக்கை விரலைச் சேலைத் தலைப்பில் வைத்துத் தேய்க்கத் தொடங்கினார். மை போகவில்லை. எச்சில் தொட்டுத் தேய்த்தார்.

"என்ன சத்தம் அது?" என்று ஹெப்சிபா கேட்டார்.

காளை சொன்னார். காளைக்கும் அன்று குரல் தாழ்ந்திருந்தது.

ஹெப்சிபா பாண்டிமீனாவிடமிருந்து தாளை வாங்கி நான்காக மடித்தார்; தடவிச் சென்று, முத்துத்தாயின் விரலைத் தம் கைக்குள் பொத்திக்கொண்டார். "தேய்க்காதீங்க. நல்லாத்தான் போட்டிருக்கீங்க," என்றார்.

ஜெய்சன் தன் முன் ஆறிப்போயிருந்த காபியை எடுத்துக் குடித்தான். வலக்கையால் குடித்தான், இனி அதை மறைக்க வேண்டிய தேவை அவனுக்கு இல்லை.

அந்தத் தேர்தலில் வாக்குகள் எண்ணப்பட்டன, முடிவு அறிவிக்கப்பட்டது, மக்கள் தீர்ப்பு மதிக்கப்பட்டது. எல்லாம் செயப்பாட்டு வினை. வாசகரே, வாக்களித்ததும் இடக்கை விரலைப் படமெடுத்து ஊருக்கெல்லாம் காட்டுகிறீர்களே, அது போதாது. வலக்கையையும் நீட்டுங்கள்.