பதினேழாம் எண் தகடு

பலகையில் ‘உள்ளே’ என்று எழுதிய ஆணியில் பதினேழாம் எண் பித்தளைத் தகடு தொங்கிக்கொண்டிருந்தது. அது பாஸ்கலுடையது. அடக்கத்தன்று கெர்ட்ரூட் அக்கா அதைத் தன் கணவருடைய சட்டைப்பையில் வைத்ததையும், சவப்பெட்டியை மூடியதையும் கிறிஸ்டின் பக்கத்தில் நின்று பார்த்தவள்.

தொட்டாள். ஈரம். குகைக்குள் மட்டும் வீசும் வௌவால் நாற்றம் விரலில் ஒட்டிக்கொண்டது.

மலேசியாவில், ஈப்போ பக்கத்துச் செமோருக்கு அப்பால், ரப்பர் மரமெல்லாம் போய்ச் செம்பனை வந்துவிட்ட தோட்டத்தில், கணக்குப்பிள்ளை இருந்த பழைய கிராணி ஆபீஸ்தான் பாஸ்கல், கிறிஸ்டின் இருவருடைய ஆய்வுக்கூடம். பின்னாலேயே சுண்ணாம்பு மலை, அதில் இரும்புக் கதவு போட்ட குகை. அங்கிருந்து மூன்று வருஷத்துக்கு முன் எடுத்து வந்த பளிங்குக் கல், தேங்காய் அளவில், தகட்டுப் பலகைக்கு எதிரே மேசைமேல் இருந்தது. தன் முன்னால் நடப்பதையெல்லாம் அது விழுங்கி வைத்துக்கொள்ளும். நாற்பதாம் நாள், அதே நேரத்துக்கு, அறையை இருட்டாக்கினால் வெள்ளைச் சுவரில் ஒளியாகக் காட்டும். எப்படி என்று இரண்டு முனைவர்களும் மண்டையை உடைத்துக்கொண்டதுதான் மிச்சம்.

பாஸ்கல் இறந்து இன்று நாற்பதாம் நாள்.

குகைக்குள் போகிறவர் தன் தகட்டை ‘உள்ளே’ ஆணியில் மாட்ட வேண்டும். வந்ததும் ‘வெளியே’ ஆணிக்கு மாற்ற வேண்டும். அடுத்தவர் தகட்டைத் தொடக்கூடாது. பாஸ்கலுக்கு மறதி என்றால் அப்படியொரு மறதி. “நீயே மாத்திரு லா கிறிஸ்டின்,” என்பார். அவளும் மாற்றி மாற்றிப் பழகிவிட்டாள். அன்று மழை இருட்டிக்கொண்டு வந்தது. அவர் வந்துவிட்டிருப்பார் என்று நினைத்து, தன் பதினெட்டோடு அவருடைய பதினேழையும் மாற்றிவிட்டு ஈப்போவுக்குக் கார் ஏறினாள். காவலாளி பத்துமலை பலகையைப் பார்த்துவிட்டுக் கதவைப் பூட்டினார். குகைக்குள் தண்ணீர் ஏறியது.

விசாரணையில், “அவரே மாத்திட்டு மறுபடி உள்ள போயிருப்பாரு,” என்றாள். பாவி, சொல்லும்போது நாக்குக்கூடத் தடுமாறவில்லை.

மூன்று மணிக்குக் கெர்ட்ரூட் அக்கா வந்தார். நாற்பதாம் நாள் பூசை முடிந்து, கறுப்புச் சேலையோடு நேராகத் தேவாலயத்திலிருந்து வந்திருந்தார்.

“அவரு நடமாடுறத ஒரு தடவ பாத்துட்டுப் போயிடுறேன்மா. எல்லாரும் அவரு கவனக்குறைவுன்னு பேசுறாங்க. பிள்ளைங்க கேக்குதுங்க. அவரே தானே தகட மாத்தினாரு?”

இப்போதாவது சொல்லியிருக்கலாம். வாய்வரைக்கும் வந்தது.

“ஆமாக்கா,” என்றாள். “ரூமை இருட்டாக்கிட்டுக் கூப்பிடுறேன். வெளிய பத்துமலை அண்ணேகிட்ட உக்காருங்க.”

கல்லை மூடிவிட்டு, இன்றைக்கு ஒன்றும் வரவில்லை என்று சொல்லிவிடலாம் என்பதுதான் அவள் கணக்கு. சன்னல்களைச் சாத்தினாள். கறுப்புத் துணியை இரண்டாக மடித்துக் கல்லின்மேல் போட்டாள். கூரைத் தகரத்தில் காய்ந்த இலை உரசுவதும், எங்கோ அடியில் தண்ணீர் நகர்வதுபோன்ற ஓசையும், துணியிலிருந்து மெல்லக் கிளம்பி அறையை நிறைக்கும் ஈரமண் வாடையும் ஒன்றுசேர, துணியைத் துளைத்துக்கொண்டு ஒளி வந்தது. சுவரில் பலகை. இரண்டு தகடுகள். ஓரத்திலிருந்து அவளுடைய கை.

“வரலாமா?” கதவருகே அக்காவின் குரல்.

கிறிஸ்டின் பாய்ந்தாள். கல்லுக்கும் சுவருக்கும் நடுவே புகுந்து, முதுகைச் சுவரில் ஒட்டிக் கைகளை விரித்து நின்றாள். படம் அவள்மேல் விழுந்தது. அவள் கையே அவள் நெஞ்சிலிருந்து இரண்டு தகடுகளையும் எடுத்தது.

முதுகில் குளிர்.

சுவர் சொரசொரத்தது. பாறை. கணுக்காலில் தண்ணீர்.

எதிரே, எட்டாத தூரத்தில், சன்னல் அளவுக்கு ஒளி. அதற்குள் அந்த அறை. அக்கா கதவைத் திறந்து தேடுகிறார். பின்னாலேயே பத்துமலை. பலகையில், ‘உள்ளே’ ஆணியில், பதினேழு. பக்கத்தில் பதினெட்டு. அவள் அதை மாட்டவில்லை.

பாருங்கண்ணே. பலகையைப் பாருங்க.

“நான்தான்கா மாத்தினேன்,” என்று கத்தினாள். “அவரில்ல. நான்தான்.” குரல் பாறையில் முட்டி அவளிடமே வந்தது. அக்கா திரும்பவில்லை.

பத்துமலை பலகைப் பக்கம் திரும்புவதற்குள், அவர் தோளுக்குப் பின்னாலிருந்து ஒரு கை நீண்டது. ஊறி வெளுத்த விரல்கள். பதினெட்டை மட்டும் எடுத்தது. அவசரமில்லாமல், நாளும் செய்து பழகிய வேலை மாதிரி, ‘வெளியே’ ஆணியில் மாட்டியது.

“டாக்டரு வெளியாயிட்டாங்க போலம்மா,” என்றார் பத்துமலை. பதினேழு அவர் கண்ணுக்குத் தெரியவில்லை. “மழ வருது. குகைய பூட்டணும்.”

சாவி சுற்றியது.

தண்ணீர் இடுப்புக்கு வந்தது. ஒளிக்குள், ஆணியில், அவளுடைய தகடு சொட்டிக்கொண்டு இன்னும் ஆடியது.